காலமும் நினைவும் படிக்கும் மாயப் பல்கலைக்கழகம்: எந்த வித்தையை வைத்துக் கட்டலாம்?

மாயக் கதை எழுதுகிறவர்களும் சரி, நண்பர்களோடு உட்கார்ந்து ஆடும் கதை விளையாட்டுக்கு உலகம் அமைக்கிறவர்களும் சரி, ஒரே இடத்தில்தான் மாட்டிக்கொள்கிறார்கள். காலத்தையும் நினைவையும் பற்றிய மந்திரம் சொல்லித்தரும் பல்கலைக்கழகம் என்பது முடிவாகிவிட்டது, பெயர் வைத்தாயிற்று, மணிக்கூண்டு எங்கே, விடுதி எங்கே என்று வரைபடம்கூடப் போட்டாயிற்று, ஆனால் அங்கே என்னதான் சொல்லித்தருகிறார்கள் என்று கேட்டால் பதில் இல்லை. "எல்லாமே" என்கிறார்கள். எல்லாமே சொல்லித்தரும் இடத்தில் கதை நடக்காது.

கைவசம் இருக்கும் வழிகள் நான்கு: நினைவு மாளிகை, கவனகமும் ஓதலும், நினைவைத் திருத்துதல், காலப் பயணம். நான்கையும் சேர்த்துக் குழைக்கலாம்தான், ஆனால் முதுகெலும்பாக ஒன்றுதான் இருக்க முடியும். அதைத் தேர்ந்தெடுக்க உதவத்தான் இந்த ஒப்பீடு.

## எதை வைத்து அளப்பது

முதல் அளவுகோல் தேர்வு. கதையில் குருவும் சீடனும் மட்டும் காட்டில் இருந்தால் தேர்வு வேண்டாம், குரு தலையசைத்தால் போதும். பல்கலைக்கழகம் என்று வைத்துவிட்டால் சேர்க்கை, வருகைப்பதிவு, அரியர், மறுமதிப்பீடு, பட்டமளிப்பு எல்லாம் கூடவே வந்துவிடும். ஆகவே, நீங்கள் தேர்ந்தெடுக்கும் வித்தைக்கு ஒரு தேர்வு வைக்க முடியுமா, அந்தத் தேர்வை அதே வித்தையால் ஏமாற்ற முடியுமா என்று முதலில் பார்க்க வேண்டும். என் கணக்கில் பாதிக் கதைகள் இந்த ஒரு கேள்வியிலேயே விழுந்துவிடுகின்றன.

இரண்டாவது, விலை. மந்திரத்துக்கு யார், எதைக் கொடுக்கிறார்கள்? கொடுப்பவர் மாணவராக இருந்தால் கதை சூடு பிடிக்கும், யாருமே கொடுக்கவில்லை என்றால் அது வெறும் வசதி.

மூன்றாவது, ஓட்டை. "அப்படியானால் ஏன் அவன் முன்னாடியே போய்த் தடுக்கவில்லை?" என்று வாசகர் கேட்கும் வகை ஓட்டை.

நான்காவது சின்னது, ஆனால் எழுதும்போதுதான் உறைக்கும்: வித்தை நடப்பதை வெளியிலிருந்து காட்ட முடியுமா? ஒருவர் கண்ணை மூடிக்கொண்டு யோசிப்பதை எத்தனை பக்கம் எழுத முடியும்?

## நினைவு மாளிகை: கட்டடமே பாடப்புத்தகம்

பெரும்பாலோர் முதலில் போய் நிற்பது இங்கேதான், காரணமும் உண்டு. வித்தை பழையது, பிறந்த கதையே பிரமாதம். கிரேக்கக் கவிஞர் சைமனைடீஸ் ஒரு விருந்திலிருந்து வெளியே வந்த நேரம் பார்த்து மண்டபம் இடிந்து விழுந்தது. உள்ளே நசுங்கிக் கிடந்தவர்களை உறவினர்களுக்கே அடையாளம் தெரியாதபோது, யார் எந்த இடத்தில் உட்கார்ந்திருந்தார் என்பதை நினைத்துப் பார்த்தே ஒவ்வொரு உடலுக்கும் அவர் பெயர் சொன்னதாக சிசரோ எழுதிவைத்திருக்கிறார். அதிலிருந்து வந்ததுதான் இந்த முறை. தெரிந்த வீடு ஒன்றுக்குள் மனதாலேயே நடந்து, திண்ணையில் ஒன்று, ரேழியில் ஒன்று, முற்றத்துத் தூணில் ஒன்று என்று செய்திகளை வைத்துவிட்டு, வேண்டும்போது அதே வழியில் நடந்து எடுத்துக்கொள்வது.

இதைக் கட்டடமாகவே ஆக்கிப் பார்த்தவரும் உண்டு. 16ஆம் நூற்றாண்டில் இத்தாலியைச் சேர்ந்த ஜூலியோ கமில்லோ, பிரான்ஸ் மன்னர் முதலாம் பிரான்சுவாவின் ஆதரவோடு, மரத்தில் ஒரு நினைவு அரங்கம் செய்தார். ஏழு படிவரிசை, அவற்றைப் பிளக்கும் ஏழு பகுதிகள். பார்க்க வருகிறவர் மேடையில் நிற்பார், வழக்கமாகக் கூட்டம் உட்காரும் படிகளில் உலகத்து அறிவு முழுவதும் படங்களாக அவரைப் பார்த்துக்கொண்டிருக்கும். உங்கள் பல்கலைக்கழகத்துக்கு நூலகம் வரைய வேண்டுமா, இதைவிட நல்ல மாதிரி கிடைக்காது.

அறிவியல் பக்கமும் பலமாக இருக்கிறது. எலி ஒரு குறிப்பிட்ட இடத்துக்கு வரும்போது மட்டும் துடிக்கும் நரம்பணுக்களை அதன் மூளையில் ஹிப்போகேம்பஸ் என்ற பகுதியில் ஜான் ஓ'கீஃப் 1971இல் கண்டு சொன்னார். அதே ஹிப்போகேம்பஸ் இல்லாவிட்டால் நடந்த நிகழ்ச்சிகள் மனிதருக்குப் புதிதாக நினைவில் பதியாது. இடமும் நினைவும் ஒரே வீட்டில் குடியிருக்கின்றன என்பது மந்திரமில்லாமலே உண்மை.

தேர்வு எப்படி? சுலபம், அழகும்கூட. மாணவர் ஆண்டுக்கணக்காக நடந்து பழகிய மண்டபத்தைப் பூட்டிவிட்டு, வெளியே வெயிலில் நிற்கவைத்து, ஒவ்வொரு தூணிலும் என்ன இருந்தது என்று கேட்டுவிடலாம். ஏமாற்றுவது கடினம்.

விலையும் சும்மா கற்பனை இல்லை. லண்டன் டாக்ஸி ஓட்டுநர்கள் உரிமம் வாங்க ஏறக்குறைய 25,000 தெருக்களை மனப்பாடம் செய்ய வேண்டும், அதற்கு மூன்று நான்கு ஆண்டுகள் ஆகும். எலினர் மக்வயர் குழு 2000இல் அவர்கள் மூளையைப் பரிசோதித்தபோது ஹிப்போகேம்பஸின் பின்பகுதி மற்றவர்களைவிடப் பெரிதாக இருந்தது. எல்லோரும் இதை மட்டும்தான் சொல்வார்கள். முன்பகுதி சிறிதாக இருந்தது என்பதையும் அதே ஆய்வு சொல்கிறது, பிறகு நடந்த சோதனைகளில் சில வகைப் புதிய காட்சிகளை மனதில் பதிப்பதில் ஓட்டுநர்கள் பின்தங்கினார்கள். உங்கள் மூன்றாம் ஆண்டு மாணவிக்குப் பல்கலைக்கழகத்தின் ஒவ்வொரு செங்கலும் தெரியும், புதிதாக வந்த தங்கையின் கணவன் முகம் மட்டும் பதியவே மாட்டேன் என்கிறது. விலை என்றால் இப்படி இருக்க வேண்டும்.

மறைமுகச் செலவு மாணவருக்கல்ல, உங்களுக்கு. மூன்றாம் அத்தியாயத்தில் இடப்பக்கம் திறந்த கதவு இருபதாம் அத்தியாயத்திலும் இடப்பக்கமே திறக்க வேண்டும். இந்த வகைக் கதையைப் படிப்பவர்கள் வரைபடம் போட்டுச் சரிபார்க்கும் ரகம். இன்னொன்று, வர்ணனை கூடிக்கொண்டே போகும், சிறுகதை தாங்காது.

## கவனகமும் ஓதலும்: மேடையில் வைக்கும் தேர்வு

இதை ஏன் தமிழில் எழுதுகிறவர்கள் தொடுவதே இல்லை என்பது எனக்குப் புரியாத விஷயம். மேல்நாட்டு மாளிகையையும் கோபுரத்தையும் தேடிப் போகிறோம், நம் ஊரில் நினைவை வைத்து மேடை நிகழ்ச்சியே நடந்திருக்கிறது.

ஒரே நேரத்தில் பல வேலைகளில் கவனம் வைத்து, எல்லாவற்றையும் நினைவில் நிறுத்திக் காட்டும் வித்தை இது. அவதானம், கவனகம் என்று இரண்டு பெயரிலும் சொல்வார்கள். எட்டு என்றால் அட்டாவதானம், பத்து என்றால் தசாவதானம், நூறு என்றால் சதாவதானம். நடுவில் ஒருவர் உட்கார்ந்திருப்பார். சுற்றி இருப்பவர்களில் ஒருவர் வெண்பாவுக்கு ஈற்றடி கொடுப்பார், ஒருவர் பெரிய கணக்கு ஒன்றைச் சொல்வார், ஒருவர் அவ்வப்போது மணியடிப்பார், ஒருவர் முதுகில் பூவோ சிறு கல்லோ போட்டுக்கொண்டே இருப்பார், இதற்கென்றே உட்கார்ந்திருக்கும் இன்னொருவர் சம்பந்தமே இல்லாமல் ஊர்க்கதை பேசிக் கவனத்தைக் கலைப்பார். எல்லாம் முடிந்ததும் பாட்டு, கணக்குக்கு விடை, மணியின் எண்ணிக்கை, கல்லின் எண்ணிக்கை எல்லாம் தவறாமல் வர வேண்டும். நாகர்கோவிலை அடுத்த இடலாக்குடியில் பிறந்த செய்குத்தம்பிப் பாவலர் 1907இல் சென்னை விக்டோரியா மண்டபத்தில் நூறு கவனகம் செய்து சதாவதானி பட்டம் பெற்றார். அவரை மடக்குவதற்காக "துருக்கனுக்கு ராமன் துணை" என்று ஈற்றடி கொடுத்தார்கள் என்று ஒரு கதை சொல்வார்கள். மனிதர் அசரவில்லை. பரதன், லட்சுமணன் என்று வரிசையாகக் கொண்டுவந்து, முந்தைய அடியை "சத்" என்பதில் முடித்து, சத்துருக்கனுக்கு ராமன் துணை ஆக்கிவிட்டாராம்.

இதை ஒரு இறுதியாண்டு வாய்மொழித் தேர்வாக வைத்துப் பாருங்கள். தேர்வு வைக்க முடியுமா என்று கேட்கவே வேண்டாம், வித்தையே தேர்வின் வடிவத்தில்தான் இருக்கிறது. வெளியிலிருந்து காட்டவும் முடியும்: மணி ஒலிக்கிறது, கல் விழுகிறது, வேர்க்கிறது, கூட்டம் மூச்சைப் பிடித்துக்கொண்டிருக்கிறது. நான்கு வழிகளில் காட்சிக்கு இதுதான் முதலிடம்.

ஓதலையும் இதோடு சேர்த்துக்கொள்ளலாம். வேதம் ஓதுவதில் கனபாடம் என்று ஒரு முறை உண்டு. முதல் சொல், இரண்டாம் சொல், அப்புறம் திருப்பி இரண்டு-ஒன்று, அப்புறம் ஒன்று-இரண்டு-மூன்று, மூன்று-இரண்டு-ஒன்று, மறுபடி ஒன்று-இரண்டு-மூன்று என்று முன்னும் பின்னுமாகப் போகும். ஒரு சொல் இடம் மாறினால் உடனே காட்டிக்கொடுத்துவிடும் ஏற்பாடு அது. நம் திண்ணைப் பள்ளிகளில் எண்சுவடியை, சட்டாம்பிள்ளை முன்னால் சொல்ல மற்றப் பிள்ளைகள் பின்னால் சொல்லி, நெட்டுருப் போட்டதும் இதே குடும்பம்தான். உங்கள் மாயப் பல்கலைக்கழகத்தில் மந்திரத்தைப் பின்னோக்கி ஓதினால் காலம் ஒரு கணம் பின்னோக்கி அசைகிறது என்று வைத்துக்கொண்டால், கனபாடம் அப்படியே முதலாண்டுப் பாடத்திட்டம்.

காலத்தை அளக்கவும் இங்கேயே இடம் இருக்கிறது. அடியில் துளையிட்ட நாழிகை வட்டிலைப் பார்த்து அரசனுக்குப் பொழுது சொன்னவர்களை முல்லைப்பாட்டு "பொழுது அளந்து அறியும் பொய்யா மாக்கள்" என்கிறது. காலத் துறைப் பேராசிரியருக்கு இதைவிடப் பொருத்தமான பதவிப்பெயர் எனக்குத் தெரியாது. ஒரு நாழிகை 24 நிமிடம், ஒரு நாளுக்கு 60 நாழிகை. வகுப்பு, தேர்வு எல்லாவற்றையும் நாழிகையில் வைத்துவிட்டால் உலகம் தானாகவே வேறு ஊராகிவிடும்.

குறை இல்லாமல் இல்லை. விலையை நீங்கள்தான் உண்டாக்க வேண்டும், வித்தைக்குள் தானாக ஒரு பலி இல்லை. உழைப்பும் களைப்பும் மட்டும் விலை என்றால் அது விளையாட்டு வீரர் கதை மாதிரி ஆகிவிடும். பெரிய மறைமுகச் செலவு மொழி: சதாவதானி வெண்பா பாடினார் என்று எழுதினால் வாசகர் அந்த வெண்பாவைக் கேட்பார். தளை தட்டாமல் எழுத வராது என்றால் இந்தப் பக்கம் வர வேண்டாம், அல்லது யாப்பு தெரிந்த நண்பரைப் பிடித்துவைத்துக்கொள்ளுங்கள். ஓதும் உரிமையிலிருந்து யாரெல்லாம் விலக்கப்பட்டார்கள் என்ற வரலாறும் கூடவே வரும். அதைக் கண்டுகொள்ளாமல் எழுதினால் போலியாகத் தெரியும், சேர்க்கை அத்தியாயத்தில் நேராக எடுத்துக்கொண்டால் கதைக்கு நல்ல மோதல் கிடைக்கும்.

## நினைவைத் திருத்தும் துறை: ஆபத்தும் அதிகம், கதையும் அதிகம்

இங்கே பல்கலைக்கழகம் நினைவைச் சேமிக்கக் கற்றுத்தருவதில்லை, மாற்றவும் எடுக்கவும் கற்றுத்தருகிறது. மந்திரம் அதிகம் தேவைப்படாத துறை இது என்பதுதான் பயமே.

1974இல் எலிசபெத் லாஃப்டஸும் ஜான் பாமரும் மாணவர்களுக்குக் கார் விபத்துப் படம் காட்டினார்கள். சிலரிடம் கார்கள் "இடித்தபோது" என்ன வேகம் என்றும், சிலரிடம் "மோதி நொறுங்கியபோது" என்ன வேகம் என்றும் கேட்டார்கள். இரண்டாவது வகையினர் அதிக வேகம் சொன்னார்கள். ஒரு வாரம் கழித்து உடைந்த கண்ணாடியைப் பார்த்தீர்களா என்று கேட்டபோது அவர்களில் 50 பேருக்கு 16 பேர் பார்த்ததாகச் சொன்னார்கள். படத்தில் கண்ணாடி உடையவே இல்லை. மற்றவர்களில் 50க்கு 7 பேர். ஒரே ஒரு வினைச்சொல்தான் வித்தியாசம். உங்கள் கதையின் முதல் மந்திரம் இவ்வளவு சின்னதாக, இவ்வளவு சாதாரணமாக இருக்கலாம்.

அழிப்பது என்றால், 1953இல் வலிப்பு நோய்க்கு அறுவை சிகிச்சை செய்துகொண்ட ஹென்றி மொலைசனை நினைத்துக்கொள்ளுங்கள். அதற்குப் பிறகு புதிய நிகழ்ச்சி எதுவும் அவர் மனதில் தங்கவில்லை. ஆனால் கண்ணாடியில் பார்த்து நட்சத்திரம் வரையும் பயிற்சியை பிரெண்டா மில்னர் கொடுத்தபோது, முந்தைய நாள் வரைந்தது நினைவே இல்லாமல், நாளுக்கு நாள் நன்றாக வரைந்தார். வகுப்புக்கு வந்ததே நினைவில்லாத, ஆனால் பாடம் கைக்கு வந்துவிட்ட மாணவர்! இவருக்கு வருகைப்பதிவு எப்படிப் போடுவது, பட்டம் வாங்கியதை யாரிடம் சொல்வது என்று யோசித்தாலே ஒரு சிறுகதை வந்துவிடும்.

மறக்கவே முடியாதவரும் உண்டு. ரஷ்யாவின் சாலமன் ஷெரஷெவ்ஸ்கி, பழைய நினைவாற்றல் மேடை நிகழ்ச்சிகளில் மனப்பாடம் செய்த பட்டியல்கள் மனதைவிட்டுப் போகாமல், அவற்றைத் தாளில் எழுதி எரித்துக்கூடப் பார்த்தார். இப்படிப்பட்டவருக்கு உங்கள் துறை மருத்துவமனை.

தேர்வில்தான் சிக்கல். நினைவை மாற்றத் தெரிந்த மாணவர், தான் தேறிவிட்டதாக ஆசிரியரையே நம்பவைத்துவிடலாம். இதற்கு ஒரே வழி எழுத்து: இந்தப் பல்கலைக்கழகத்தில் நினைவுக்கு மதிப்பே இல்லை, எல்லாம் ஏட்டில் இருக்க வேண்டும், பதிவாளர்தான் துணைவேந்தரைவிடப் பெரிய ஆள். சரி, ஏட்டை யார் திருத்துகிறார்கள்? அங்கேதான் உங்கள் வில்லன்.

மறைமுகச் செலவு ஒன்று பெரியது. கதைசொல்லியின் நினைவையே நம்ப முடியாது என்று ஆனபின் வாசகர் எதையும் நம்ப மாட்டார். ஒருமுறை ஏமாற்றினால் ரசிப்பார், மூன்றாம் முறை புத்தகத்தை மூடிவிடுவார். அதனால்தான் இது சிறுகதைக்கும் குறுநாவலுக்கும் கச்சிதம், நீண்ட தொடருக்கு ஆகாது. விளையாட்டிலோ, உன் கதாபாத்திரத்துக்கு நேற்று நடந்தது மறந்துவிட்டது என்று சொன்னால் ஆடுகிறவருக்கு மறக்கப்போவதில்லை, சண்டைதான் வரும்.

## காலப் பயணம்

எல்லோருக்கும் ஆசை, எனக்கு இல்லை. பின்னோக்கிப் போக முடியும் என்று ஒரு வரி எழுதியதுமே தேர்வு முறை செத்துவிடுகிறது. கேள்வித்தாளைப் பார்த்துவிட்டு நேற்றைக்குப் போய்ப் படித்துவிடலாம். அதைவிட மோசம், எதிர்காலத்து நான் எழுதிய ஆய்வேட்டை வாங்கி நான் பார்த்து எழுதினால், அதை எழுதியது யார்? கருத்துத் திருட்டுக் குழுவே குழம்பிப்போகும்.

இயற்பியலில் பிடித்துக்கொள்ளக் கிளைகள் இருக்கின்றன. ஐன்ஸ்டைனின் சமன்பாடுகளுக்குள்ளேயே காலம் வளைந்து தன்னிடமே திரும்பும் தீர்வு ஒன்றை கர்ட் கோடெல் 1949இல் காட்டினார். போனாலும் எதையும் மாற்ற முடியாது, நடந்ததுதான் நடக்கும் என்பது நோவிகோவ் கொள்கை. ஒவ்வொரு முடிவிலும் உலகம் கிளைபிரியும் என்று கதைக்காரர்கள் கையாள்வது ஹியூ எவரெட் 1957இல் வெளியிட்ட கருத்தை. கதைக்கு நோவிகோவ் கொள்கையை எடுங்கள். கிளைபிரியும் உலகத்தில் எந்தக் கிளையில் வாங்கிய பட்டம் செல்லும் என்பதே தெரியாது, எவர் செத்தாலும் இன்னொரு கிளையில் இருப்பார், வாசகருக்கு எதற்குக் கவலை?

ஸ்டீஃபன் ஹாக்கிங் 2009 ஜூன் 28 அன்று காலப் பயணிகளுக்கு ஒரு விருந்து வைத்தார், அழைப்பை விருந்து முடிந்த பிறகே வெளியிட்டார், ஒருவரும் வரவில்லை. உங்கள் நுழைவுத் தேர்வு அறிவிப்பைத் தேர்வு முடிந்தபின் ஒட்டலாம், வந்து எழுதியவர்களுக்கு மட்டும் இடம். இந்த வழியில் எனக்குப் பிடித்த ஒரே தேர்வு அதுதான்.

முன்னோக்கி மட்டும் போகும் காலம் என்றால் நான் இறங்கிவருவேன். அதில் முரண் எதுவும் இல்லை, நிஜத்திலும் நடக்கிறது. உயரத்தில் இருக்கும் கடிகாரம் தாழ்வில் இருப்பதைவிடத் துளி வேகமாக ஓடும், 33 செ.மீ. வித்தியாசத்திலேயே 2010இல் அளந்துவிட்டார்கள். அதைப் பெரிதாக்கி, விடுதியின் நிலவறையில் ஒரு பருவம் படித்தால் வெளியே பல ஆண்டுகள் ஓடிவிடும் என்று வையுங்கள். விலை உடனே கண்முன் வரும்: படிப்பு முடித்து ஊருக்கு வருகிறான், தம்பி அண்ணனைவிட மூத்தவனாகிவிட்டான், கல்விக்கடன் வட்டி மட்டும் வெளி உலகக் கணக்கில் ஏறியிருக்கிறது.

## ஒரே பார்வையில்

| | தேர்வு | விலை | ஓட்டை | காட்சி |
|---|---|---|---|---|
| நினைவு மாளிகை | எளிது, ஏமாற்றுவது கடினம் | புதியது பதியாமை | குறைவு, வரைபடம் கவனம் | நன்று, வர்ணனை மிகும் |
| கவனகம், ஓதல் | வித்தையே தேர்வு | நீங்கள் உண்டாக்க வேண்டும் | மிகக் குறைவு | மிக நன்று |
| நினைவுத் திருத்தம் | ஏடு இல்லாமல் முடியாது | தானாகவே கொடூரம் | நம்பகம் போய்விடும் | நடுத்தரம் |
| பின்னோக்கிய பயணம் | ஏறக்குறைய முடியாது | கிளைபிரிந்தால் இல்லை | ஏராளம் | நன்று |
| முன்னோக்கி மட்டும் | முடியும் | இழந்த ஆண்டுகள் | இல்லை | நன்று |

## யாருக்கு எது

சிறுவர்களுக்கு எழுதுகிறீர்கள், அல்லது பல பாகமாகப் போகப்போகிறது என்றால் நினைவு மாளிகை. பிள்ளைகளுக்கு ரகசிய அறை போதும், நீங்கள் தடுமாறினாலும் கட்டடம் கதையைத் தாங்கிக்கொள்ளும்.

நண்பர்களோடு ஆடும் விளையாட்டு என்றால் யோசிக்காமல் கவனகம். நிஜமாகவே மேசையில் மணியடிக்கலாம், கல் போடலாம், ஆடுகிறவர் எண்ணிக்கொண்டே பதில் சொல்ல வேண்டும். பகடையைவிட நன்றாக வேலை செய்யும். யாப்பு கைவசம் உள்ளவர் நாவலுக்கும் இதையே எடுக்கலாம், தமிழில் இந்த இடம் இன்னும் காலியாகத்தான் இருக்கிறது.

ஒரே ஒரு கதை, வாசகரை உலுக்கிவிட வேண்டும் என்றால் நினைவைத் திருத்தும் துறை, திருப்பம் ஒன்றுக்கு மேல் வேண்டாம்.

குடும்பக் கதையை மாயத்துக்குள் வைத்துச் சொல்ல ஆசைப்படுகிறவருக்கு முன்னோக்கிய காலம். பின்னோக்கிய பயணம்தான் வேண்டும் என்று பிடிவாதம் பிடித்தால், பல்கலைக்கழகத்தில் யாரோ ஒருவர் ஒரே ஒருமுறை செய்தது, அதனால்தான் இப்போது தடை என்று பழங்கதையாக வைத்துக்கொள்ளுங்கள்.

இரண்டைக் கலக்க வேண்டுமென்றால் மாளிகையும் கவனகமும் ஒத்துப்போகும், கவனகமும் முன்னோக்கிய காலமும் ஒத்துப்போகும். நினைவுத் திருத்தத்தையும் பின்னோக்கிய பயணத்தையும் மட்டும் ஒரே கதையில் போடாதீர்கள், நடந்தது மாறியதா, நினைவு மாறியதா என்று எழுதும் உங்களுக்கே பாதியில் தெரியாமல் போய்விடும். எதை எடுத்தாலும் முதல் அத்தியாயத்துக்கு முன்னால் ஒரு பக்கக் கேள்வித்தாளும், அதில் எப்படிக் காப்பியடிப்பார்கள் என்று இரண்டு வரியும் எழுதிப் பாருங்கள். அந்த இரண்டு வரி சுலபமாக வந்துவிட்டால் வித்தையை மாற்றுங்கள்.